பகலில் டாக்டர், இரவில் ஜாஸ்: போலந்து இசைமேதை கொமேடா ஏன் தன் பெயரை மறைத்தார்?

1968இல் வெளியான ஹாலிவுட் திகில் படம் 'ரோஸ்மேரிஸ் பேபி'. படம் தொடங்கியதும் நியூயார்க் நகரக் கட்டடங்களின் கூரைகள் மேல் கேமரா மெல்ல நகரும். பின்னணியில் ஒரு பெண் குரல், வார்த்தையே இல்லாமல் ஒரு தாலாட்டைப் பாடும். கேட்க இதமாகத்தான் இருக்கும். ஆனால், கொஞ்ச நேரத்திலேயே 'இதுல ஏதோ சரியில்லையே' என்று தோன்றிவிடும். ரத்தம் இல்லை, அலறல் இல்லை. அந்த மெட்டு மட்டுமே பயமுறுத்தும்.

பாடியவர் படத்தின் நாயகி மியா ஃபாரோ. இசையமைத்தவரின் பெயர் டைட்டிலில் 'கிறிஸ்டோபர் கொமேடா' என்று வரும். அது அவருடைய உண்மையான பெயர் அல்ல. 'கிறிஸ்டோபர்' என்பது அமெரிக்கர்களின் வாயில் நுழைவதற்காக மாற்றியது. 'கொமேடா' என்பது, வேலை பார்த்த மருத்துவமனையில் மாட்டிக்கொள்ளாமல் இருப்பதற்காக வைத்துக்கொண்டது.

ஆம், அவர் ஒரு டாக்டர். காது, மூக்கு, தொண்டை மருத்துவர். அந்தத் தாலாட்டு உலகம் முழுக்க ஒலிக்கத் தொடங்கிய ஓராண்டுக்குள் அவர் உயிரோடு இல்லை. இறக்கும்போது வயது 37.

ஒரு டாக்டர் ஏன் பெயரை மறைத்துக்கொண்டு பியானோ வாசிக்க வேண்டியிருந்தது? போலந்தில் ஜாஸ் இசை ஏன் ஒளிந்து வாழ்ந்தது? அதிலிருந்து இந்த மனிதர் எப்படி ஹாலிவுட் வரை போனார்? விரிவாகப் பார்ப்போம்.

சுவரில் ஒரு எழுத்துப்பிழை

அவருடைய இயற்பெயர் க்ஷிஷ்டோஃப் ட்ஷ்சின்ஸ்கி. 1931 ஏப்ரல் 27 அன்று மேற்கு போலந்தில் உள்ள போஸ்னான் நகரில் பிறந்தார். சிறுவயதில் போலியோ தாக்கியதால் ஒரு காலில் பாதிப்பு. வாழ்நாள் முழுக்க லேசாகச் சாய்ந்துதான் நடந்தார். பியானோ மட்டும் சின்ன வயதிலேயே கைக்கு வந்துவிட்டது. மகன் பெரிய பியானோ கலைஞனாக வருவான் என்று குடும்பம் நம்பியது.

1939இல் ஹிட்லரின் ராணுவம் போலந்துக்குள் நுழைந்தது. போஸ்னான் பகுதி நேரடியாக ஜெர்மனியோடு சேர்க்கப்பட்டது. ட்ஷ்சின்ஸ்கி குடும்பம் போர்க்காலத்தை செஸ்டோஹோவா என்ற நகரில் கழித்தது. எட்டு வயதுப் பையனின் முறையான இசைப் படிப்பு அதோடு நின்றது.

'கொமேடா' பிறந்தது அங்கேதான். பையன்கள் சேர்ந்து ராணுவ விளையாட்டு விளையாடியிருக்கிறார்கள். ராணுவத் தலைமையகத்துக்கு போலந்து மொழியில் 'கொமெண்டா' என்று பெயர். அதைச் சுவரில் எழுதப்போன நம்ம ஆள் நடுவில் ஒரு எழுத்தை விட்டுவிட்டு 'கொமேடா' என்று எழுதிவிட்டார். அதையே அவருக்குப் பட்டப்பெயராகச் சூட்டிவிட்டார்கள் என்று சொல்லப்படுகிறது. விளையாட்டாக ஒட்டிக்கொண்ட இந்தப் பெயர் பின்னாளில் அவருக்குக் கவசமாகப் போகிறது.

ஜாஸ் மீது அரசுக்கு என்ன கோபம்?

ஜாஸ் என்பது அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரில், கறுப்பின மக்களிடம் பிறந்த இசை. ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு, மேடையில் அந்த நொடியில் தோன்றும் கற்பனையால் அதை விரித்துக்கொண்டே போவதுதான் அதன் உயிர். நம் கச்சேரிகளில் மனோதர்மம் என்கிறோமே, கிட்டத்தட்ட அந்த மாதிரி. அடுத்து என்ன வரும் என்பது வாசிப்பவருக்கே முழுசாகத் தெரியாது.

எல்லாவற்றையும் முன்கூட்டியே பார்த்து முத்திரை குத்த நினைக்கும் ஒரு அரசுக்கு இது பெரிய தலைவலி. பாட்டுக்கு வரிகள் இருந்தால் வாங்கிப் படித்துத் தணிக்கை செய்யலாம். வாசிக்கும்போதே பிறக்கிற இசையை எங்கே போய் வெட்டுவது?

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு போலந்து சோவியத் செல்வாக்கின் கீழ் வந்தது. முதல் சில ஆண்டுகள் ஓரளவு மூச்சுவிட முடிந்தது. வார்சா, ஊட்ச் போன்ற நகரங்களில் ஒய்.எம்.சி.ஏ. கிளப்புகளில் இளைஞர்கள் ஜாஸ் வாசித்தார்கள். 1949 வாக்கில் அந்தக் கதவு மூடப்பட்டது. கலை என்றால் அது தொழிலாளர் வர்க்கத்தின் புகழைப் பாட வேண்டும், பொதுமக்களுக்கு எளிதில் புரிய வேண்டும் என்ற 'சோசலிச யதார்த்தவாதம்' அதிகாரபூர்வக் கொள்கை ஆனது. பனிப்போர் காலம் வேறு. ஜாஸ் எதிரி நாட்டின் சீரழிந்த இசை என்று முத்திரை குத்தப்பட்டது.

வானொலி, மேடை, இதழ்கள் என எல்லா இடத்திலிருந்தும் ஜாஸ் ஓரங்கட்டப்பட்டது. இறுக்கமான கால்சட்டை, பளிச்சென்ற காலுறை அணிந்து மேற்கத்திய பாணியில் திரிந்த இளைஞர்களை அரசுப் பத்திரிகைகள் கிண்டல் செய்தன, கண்டித்தன.

இசை சாகவில்லை. வீடுகளுக்குள் போய்விட்டது. திரைச்சீலையை இழுத்துவிட்டு, நெருங்கிய நண்பர்கள் மட்டும் கூடி வாசித்தார்கள். ஆதிகாலக் கிறிஸ்தவர்கள் ரோமாபுரியில் ஒளிந்து கூடியதாகச் சொல்லப்படும் நிலத்தடிக் கல்லறைகளை நினைவுபடுத்தி, அந்த ஆண்டுகளை 'கேடகோம்ப் காலம்' என்றே போலந்து இசை வரலாறு குறிப்பிடுகிறது.

ஸ்டெதாஸ்கோப்பும் பியானோவும்

இந்தக் காலத்தில்தான் நம் நாயகன் கல்லூரிக்குப் போகிறார். 1950இல் ஓஸ்த்ரூவ் என்ற ஊரில் பள்ளிப்படிப்பை முடித்தார். அங்கேதான் விட்டோல்ட் குயாவ்ஸ்கி என்ற நண்பரின் பழக்கம். குயாவ்ஸ்கி டபுள் பாஸ் என்ற பெரிய தந்திக் கருவியை வாசிப்பவர். ஜாஸ் ஆசையைக் கிளப்பிவிட்டவர்களில் முக்கியமானவர் அவர்தான். கிராக்கோவ் நகரில் அவர் தங்கியிருந்த சின்ன வீட்டில் நடந்த ரகசிய இசைக் கூட்டங்களுக்கு கொமேடாவும் போய்வந்தார். ஊட்ச் நகரத்தின் புகழ்பெற்ற 'மெலோமானி' குழுவினரோடும் பழக்கம் ஏற்பட்டது.

படிப்புக்கு அவர் தேர்ந்தெடுத்தது மருத்துவம். போஸ்னான் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து 1956இல் பட்டம் பெற்றார். காது, மூக்கு, தொண்டைப் பிரிவில் வேலை.

வெளியில் சொல்ல முடியாத சிக்கல் ஒன்று இருந்தது. பகலில் நோயாளிகளைப் பார்க்கும் டாக்டர், இரவில் அரசு முகம் சுளிக்கும் இசையை வாசிக்கிறார் என்று மேலதிகாரிகளுக்குத் தெரிந்தால் வேலைக்கே ஆபத்து. அதனால் ட்ஷ்சின்ஸ்கி டாக்டராகவே இருந்தார். மேடையில் 'கொமேடா' என்ற வேறொரு ஆள் பியானோ முன் உட்கார்ந்தார். சின்ன வயதில் சுவரில் எழுதிய பிழை இப்படித்தான் கைகொடுத்தது.

சோபாட் 1956: அந்த ஒரு வாரம்

1953இல் ஸ்டாலின் இறந்தார். இரும்புப் பிடி மெல்லத் தளரத் தொடங்கியது. 1956 போலந்துக்குக் கொந்தளிப்பான ஆண்டு. ஜூன் 28 அன்று, கொமேடா மருத்துவம் படித்த அதே போஸ்னான் நகரில் தொழிலாளர்கள் ஊதியப் பிரச்சினைக்காகத் தெருவில் இறங்கினார்கள். ரொட்டியும் சுதந்திரமும் வேண்டும் என்று குரல் எழுந்தது. ராணுவம் டாங்கிகளோடு வந்து சுட்டது. 50க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள்.

அந்த ரத்தம் காய்ந்து ஆறு வாரம்கூட ஆகவில்லை. ஆகஸ்ட் மாதம், பால்டிக் கடற்கரை நகரமான சோபாட்டில் நாட்டின் முதல் பெரிய ஜாஸ் விழா நடந்தது. எழுத்தாளர் லியோபோல்ட் டிர்மண்ட் போன்றவர்கள் முன்நின்று நடத்திய விழா அது. நாடு முழுவதிலும் இருந்து பல்லாயிரம் இளைஞர்கள் அந்தச் சின்ன ஊரில் குவிந்தார்கள். வருடக்கணக்கில் மூடிய ஜன்னலுக்குள் கேட்ட இசையை, முதல்முறையாகத் திறந்த வெளியில் கூட்டமாக நின்று கேட்டார்கள்.

அந்த மேடையில் 'கொமேடா செக்ஸ்டெட்' என்ற ஆறு பேர் குழு ஏறியது. 25 வயது டாக்டர் பியானோவில். சாக்ஸஃபோனில் யான் 'ப்டாஷின்' வ்ரூபுலெவ்ஸ்கி, வைப்ரஃபோனில் யெர்ஸி மிலியன். மற்ற பல குழுக்கள் கொண்டாட்டமான பழைய பாணி ஜாஸ் வாசிக்க, இவர்கள் அமெரிக்காவின் 'மாடர்ன் ஜாஸ் குவார்டெட்', ஜெர்ரி மல்லிகன் போன்றோரின் பாதையில் நிதானமான, யோசிக்க வைக்கும் நவீன ஜாஸை வாசித்தார்கள். ஆடுவதற்கான இசையாக இல்லாமல், உட்கார்ந்து கேட்பதற்கான இசையாக அது இருந்தது. போலந்தில் நவீன ஜாஸை மட்டுமே வாசித்த முதல் குழு என்று அதைச் சொல்கிறார்கள்.

சோபாட்டுக்குப் பிறகு கொமேடா என்ற பெயர் நாடு முழுக்கப் பரவியது. கொஞ்ச காலத்தில் மருத்துவத்தை முழுவதுமாக விட்டுவிட்டார். ஆறு ஆண்டு படிப்பு, நிலையான சம்பளம், சமூகத்தில் மரியாதை என எல்லாவற்றையும் விட்டுவிட்டு, நேற்றுவரை ஒளிந்திருந்த ஒரு இசையை நம்பிப் போவது சாதாரண முடிவு அல்ல. மனைவி சோஃபியா அவருடைய நிகழ்ச்சி ஏற்பாடுகளைக் கவனிக்கும் மேலாளர் ஆனார். கொமேடா அதிகம் பேசாதவர். பேச வேண்டியதையெல்லாம் சோஃபியா பார்த்துக்கொண்டார்.

வானொலிதான் பள்ளிக்கூடம்

இசைத்தட்டு கிடைக்காது, நோட்டுப் புத்தகம் கிடைக்காது. அப்போ இவர்கள் ஜாஸை எங்கே கற்றார்கள்?

பதில்: ரேடியோ. அமெரிக்க அரசின் 'வாய்ஸ் ஆஃப் அமெரிக்கா' 1955 முதல் சிற்றலையில் தினமும் ஜாஸ் நிகழ்ச்சி ஒலிபரப்பியது. நடத்தியவர் வில்லிஸ் கோனோவர். ஆங்கிலம் அரைகுறையாகத் தெரிந்தவர்களுக்கும் புரிய வேண்டும் என்று நிறுத்தி நிதானமாகப் பேசுவார். கிழக்கு ஐரோப்பாவில் ஒரு தலைமுறையே இரவில் ரேடியோவில் காதை வைத்து, கேட்டதைப் பியானோவில் தடவித் தடவிக் கண்டுபிடித்தது. 1959இல் கோனோவர் வார்சா போய் இறங்கியபோது ரசிகர்கள் திரண்டு வந்து வரவேற்றார்கள். வேடிக்கை என்னவென்றால், அந்த நிகழ்ச்சி உள்நாட்டுக்காக ஒலிபரப்பப்படாததால் சொந்த நாட்டில் அவரைப் பலருக்குத் தெரியாது.

1958 மார்ச்சில் அமெரிக்கப் பியானோ கலைஞர் டேவ் புரூபெக் தன் குழுவோடு போலந்து வந்து ஊர் ஊராக வாசித்தார். ரேடியோவில் மட்டும் கேட்டதை இளைஞர்கள் கண்ணால் பார்த்தார்கள். அமெரிக்க வெளியுறவுத் துறை ஏற்பாடு செய்த அதே நீண்ட பயணத்தின் அடுத்தடுத்த கட்டங்களில் புரூபெக் குழு இந்தியாவுக்கும் இலங்கைக்கும் வந்தது. அதே ஆண்டில்தான் இன்றுவரை தொடரும் 'ஜாஸ் ஜம்போரி' விழாவும் வார்சாவில் தொடங்கியது.

அமெரிக்காவுக்கு இதில் அரசியல் கணக்கு இருந்தது. ஜாஸை சுதந்திரத்தின் அடையாளமாகக் காட்டுவது பனிப்போர் உத்தி. ஆனால், கேட்ட இளைஞர்களுக்கு அது உத்தியாகத் தெரியவில்லை. தங்களுக்குக் கிடைத்த ஒரே திறந்த ஜன்னலாகத் தெரிந்தது.

சினிமா எப்படி வந்தது?

கொமேடாவின் கதை திரும்புவது இங்கேதான். ஊட்ச் திரைப்படக் கல்லூரியில் ரோமன் போலன்ஸ்கி என்ற மாணவர் இருந்தார். 1958இல் அவர் எடுத்த குறும்படம் 'இரண்டு மனிதர்களும் ஒரு அலமாரியும்'. கடலுக்குள்ளிருந்து இரண்டு பேர் ஒரு பெரிய அலமாரியைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். டிராமில் ஏற்ற மாட்டார்கள், ஹோட்டலில் விட மாட்டார்கள், அடி விழும். கடைசியில் அலமாரியோடு கடலுக்குள்ளேயே திரும்பிப் போய்விடுவார்கள். படத்தில் வசனமே கிடையாது. எனவே கதையை நகர்த்தும் பொறுப்பில் பாதி இசையின் தலையில் விழுந்தது. கொமேடாவின் முதல் திரையிசை அதுதான்.

அதன்பிறகு, பத்தே ஆண்டுகளில் 60க்கும் மேற்பட்ட படங்களுக்கு இசையமைத்தார். குறும்படம், அனிமேஷன், முழுநீளப்படம் எல்லாம் இதில் அடக்கம். கொமேடா ஏன் சினிமாவுக்குள் இவ்வளவு ஆழமாகப் போனார்?

ஒரு காரணம், பிழைப்பு. ஜாஸ் கலைஞர்களுக்கு இசைத்தட்டு வாய்ப்பு அபூர்வம், கச்சேரி வருமானம் குறைவு. இன்னொரு காரணம், சினிமாவுக்கு இசையமைத்தால் சொந்தமாக மெட்டு எழுத வேண்டும். அமெரிக்கப் பாடல்களைத் திருப்பி வாசித்துக்கொண்டிருக்க முடியாது. மூன்றாவது காரணம் இன்னும் முக்கியம்: படம் எல்லை தாண்டும். பாஸ்போர்ட் கிடைப்பதே கஷ்டமான நாட்டில், பிலிம் சுருள் சர்வதேச விழாக்களுக்குப் போனது. அதற்குள் கொமேடாவின் இசையும் போனது.

சிறந்த உதாரணம் 1962இல் வந்த போலன்ஸ்கியின் முதல் முழுநீளப்படம் 'நைஃப் இன் தி வாட்டர்'. ஒரு பாய்மரப் படகு, ஒரு தம்பதி, வழியில் ஏற்றிக்கொண்ட ஒரு இளைஞன். படத்தில் மொத்தமே மூன்று பேர்தான். ஸ்வீடன் கலைஞர் பெர்ன்ட் ரோசன்கிரெனின் சாக்ஸஃபோன் ஏரியின் மேல் காற்று மாதிரி வந்து போகும். யாரும் கோபமாகப் பேசாத காட்சிகளில்கூட, உள்ளே ஏதோ கொதிக்கிறது என்பதை இசை சொல்லிவிடும். வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்ற முதல் போலந்துப் படம் இது.

இயக்குநர் ஆந்த்ரே வாய்தாவின் 'இன்னசென்ட் சார்சரர்ஸ்' படமும் சுவாரசியமானது. 1960இல் வெளியான அந்தப் படத்தின் நாயகன் பகலில் டாக்டர், இரவில் ஜாஸ் டிரம்மர்! இசை கொமேடா. ஒரு சின்ன வேடத்தில் அவரே திரையிலும் வந்து போவார். சில வருடங்களுக்கு முன்பு பெயர் மாற்றி மறைத்த வாழ்க்கை, இப்போது வெள்ளித்திரையில் எல்லோரும் பார்க்கும் கதையாகிவிட்டது. காலம் எவ்வளவு மாறிவிட்டது என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி வேண்டுமா?

கொமேடாவின் திரையிசையில் ஒரு பொதுவான குணம் உண்டு. அழும் காட்சிக்கு அழுகை இசை, சண்டைக்கு முழக்கம் என்று போட மாட்டார். திரையில் தெரியாத ஒன்றை இசையால் சேர்ப்பார். மௌனமாக விட வேண்டிய இடத்தில் கை வைக்காமல் விட்டுவிடுவார்.

'ஆஸ்டிக்மாடிக்': 1965இன் அந்த இசைத்தட்டு

60களின் தொடக்கத்தில் கொமேடா ஸ்காண்டிநேவிய நாடுகளுக்குப் போய்வரத் தொடங்கினார். கோபன்ஹேகனின் 'மான்மார்த்ர்', ஸ்டாக்ஹோமின் 'கில்லனே சிர்கெல்ன்' போன்ற புகழ்பெற்ற ஜாஸ் கிளப்புகளில் வாசித்தார். டென்மார்க் இயக்குநர் ஹென்னிங் கார்ல்சனின் படங்களுக்கு இசையமைத்தார். அப்படி ஒரு படத்துக்காக எழுதிய 'கட்டோர்னா' என்ற மெட்டு இன்றும் ஜாஸ் கலைஞர்கள் விரும்பி வாசிப்பது. ஸ்வீடிஷ் மொழியில் அதற்கு 'பூனைகள்' என்று பொருள்.

1965 டிசம்பரில் வார்சாவில் ஐந்து பேர் கூடி ஒரு இசைத்தட்டைப் பதிவு செய்தார்கள். கொமேடா பியானோ. 23 வயது டோமாஷ் ஸ்டான்கோ ட்ரம்பெட். ஸ்பிக்னியெவ் நமிஸ்லோவ்ஸ்கி சாக்ஸஃபோன். இவர்கள் மூவரும் போலந்து. டபுள் பாஸ் வாசித்த குந்தர் லென்ஸ் மேற்கு ஜெர்மனிக்காரர். டிரம்ஸ் வாசித்த ரூனே கார்ல்சன் ஸ்வீடன்காரர். இரும்புத்திரையின் இரு பக்கத்து ஆட்களும் ஒரே அறையில்.

இசைத்தட்டின் பெயர் 'ஆஸ்டிக்மாடிக்'. கண்ணில் ஒளி ஒரே புள்ளியில் குவியாமல் காட்சி மங்கலாகும் பார்வைக் குறைபாட்டுக்குத்தான் மருத்துவத்தில் ஆஸ்டிக்மாடிசம் என்று பெயர். டாக்டர் எப்படியோ உள்ளே எட்டிப் பார்த்துவிட்டார்!

மொத்தம் மூன்றே படைப்புகள். முதல் பக்கம் முழுவதும் தலைப்புப் படைப்பு ஒன்றே, 20 நிமிடத்துக்கும் மேல். மறுபக்கம் 'கட்டோர்னா', 'ஸ்வாண்டெடிக்'. கடைசிப் பெயர் ஸ்வீடிஷ் கவிஞர் ஸ்வாண்டே ஃபொர்ஸ்டரின் பெயரிலிருந்து பிறந்தது.

சரி, இதுல அப்படி என்ன விசேஷம்?

அதுவரை ஐரோப்பிய ஜாஸ் என்றால், அமெரிக்கர்கள் செய்ததை நன்றாகச் செய்வது என்றுதான் பெரும்பாலும் பொருள். கொமேடா வேறு வழியில் போனார். வழக்கமான ஜாஸில் முதலில் மெட்டு, பிறகு ஒவ்வொருவராகத் தனி ஆவர்த்தனம், கடைசியில் மீண்டும் மெட்டு என்ற அமைப்பு இருக்கும். 'ஆஸ்டிக்மாடிக்'கில் அந்தச் சட்டகம் தளர்ந்துவிடுகிறது. வேகம் நடுவில் மாறும். இசை திடீரென்று அடங்கி ஒற்றைப் பியானோ மட்டும் மிஞ்சும். பிறகு ஐந்து பேரும் ஒன்றாக எழுவார்கள். ஒரு படத்தில் காட்சிகள் மாறுவது போல இசை நகரும். சினிமாவில் கற்றதை அவர் ஜாஸுக்குள் கொண்டுவந்தார்.

மெட்டுகளில் அமெரிக்க ப்ளூஸ் வாசனை குறைவு. ஐரோப்பியச் செவ்வியல் இசையின் சாயலும், ஸ்லாவிய மண்ணுக்கே உரிய ஒரு கனத்த சோகமும் அதிகம். கொஞ்சம் ஸ்வரங்கள்தான் இருக்கும். ஆனால் ஒருமுறை கேட்டால் மறக்காது. ஐரோப்பாவுக்கென்று தனி ஜாஸ் குரல் உண்டு என்பதைக் காட்டிய முக்கியமான இசைத்தட்டுகளில் ஒன்றாக விமர்சகர்கள் இதை மதிக்கிறார்கள்.

போலந்து அரசின் 'மூசா' நிறுவனம்தான் இதை 'போலிஷ் ஜாஸ்' வரிசையில் ஐந்தாவது இசைத்தட்டாக வெளியிட்டது. 15 ஆண்டுகளுக்கு முன் எந்த இசையை அரசு விரட்டியதோ, அதே இசையை நாட்டின் பெயரைப் போட்டு அரசே விற்றது!

ஹாலிவுட்டும் அந்த இரவும்

போலன்ஸ்கி போலந்தைவிட்டு மேற்கே போய்விட்டார். போன இடத்திலும் நண்பரை விடவில்லை. 'கல்-டி-சாக்' (1966), 'தி ஃபியர்லெஸ் வாம்பயர் கில்லர்ஸ்' (1967) என்று தொடர்ந்து கொமேடாவையே அழைத்தார். இன்னொரு போலந்து இயக்குநரான யெர்ஸி ஸ்கோலிமோவ்ஸ்கி பெல்ஜியத்தில் எடுத்த 'லெ டெபார்', கொமேடாவின் இசையோடு 1967இல் பெர்லின் விழாவின் தங்கக்கரடி விருதை வென்றது.

1968இல் கொமேடா லாஸ் ஏஞ்சல்ஸ் வந்தார். 'ரோஸ்மேரிஸ் பேபி' ஜூன் மாதம் வெளியாகிப் பெரிய வெற்றி பெற்றது. பிசாசின் குழந்தையைச் சுமக்கும் தாயின் கதைக்கு அவர் கொடுத்தது ஒரு தாலாட்டு. குழந்தையைத் தூங்கவைக்கும் பாட்டு, கேட்பவரின் தூக்கத்தைக் கெடுத்தது. சிறந்த இசைக்கான கோல்டன் குளோப் பரிந்துரையும் கிடைத்தது. அடுத்த ஹாலிவுட் படமான 'ரயட்'டுக்கும் இசையமைத்தார். பாதை திறந்துவிட்டது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

அந்த ஆண்டின் இறுதியில் விபத்து நடந்தது. உடன் இருந்தவர் மாரெக் ஹ்வாஸ்கோ. போலந்தின் நட்சத்திர எழுத்தாளராக இருந்து நாட்டைவிட்டு வெளியேறியவர், கொமேடாவின் நண்பர். இருவரும் குடித்திருந்த ஒரு இரவில் கொமேடா சரிவில் விழுந்து தலையில் அடிபட்டது. விளையாட்டாகத் தள்ளியதில் விழுந்தார் என்று ஒரு பதிப்பு. ஹ்வாஸ்கோ அவரைத் தூக்க முயன்றபோது இருவரும் விழுந்தார்கள் என்று இன்னொரு பதிப்பு. எல்லாப் பதிப்புகளும் ஒத்துப்போகும் ஒரே விஷயம், அது நண்பர்களுக்கிடையே நடந்த விபத்து என்பதுதான்.

அடி பெரிதாகத் தெரியவில்லை. ஆனால் மூளையில் ரத்தம் உறைந்திருந்தது. பிறகு அவர் நினைவிழந்தார். அறுவை சிகிச்சையும் பலன் தரவில்லை. நினைவு திரும்பாத நிலையிலேயே சோஃபியா அவரை வார்சாவுக்குக் கொண்டுவந்தார். 1969 ஏப்ரல் 23 அன்று உயிர் பிரிந்தது. 38வது பிறந்தநாளுக்கு நான்கு நாட்களே இருந்தன. வார்சாவின் பொவோன்ஸ்கி ராணுவக் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

இரண்டு மாதம்கூட ஆகவில்லை. ஜூன் 14 அன்று ஜெர்மனியின் வீஸ்பாடன் நகரில் ஹ்வாஸ்கோ இறந்துகிடந்தார். அவருக்கு வயது 35.

'படத்தின் சாபம்' என்பது உண்மையா?

1969 ஆகஸ்டில் போலன்ஸ்கியின் மனைவி ஷரோன் டேட் உட்பட ஐந்து பேர் லாஸ் ஏஞ்சல்ஸ் வீட்டில் மேன்சன் கும்பலால் கொல்லப்பட்டார்கள். கொமேடா வட்டத்தின் பழைய நண்பரான வோய்ச்செக் ஃப்ரிகோவ்ஸ்கியும் அதில் ஒருவர். கொமேடா, ஹ்வாஸ்கோ, ஷரோன் டேட் மரணங்களை வரிசையாக அடுக்கி, 'ரோஸ்மேரிஸ் பேபியின் சாபம்' என்று இன்றும் வீடியோக்கள் வந்துகொண்டிருக்கின்றன.

ஒன்றோடொன்று பொருத்திப் பார்த்தால் இது நிற்காது. ஒன்று விபத்து. ஹ்வாஸ்கோ மது, தூக்க மருந்து இரண்டையும் கலந்து எடுத்ததால் இறந்ததாகச் சொல்லப்படுகிறது. அவர் அந்தப் படத்தில் வேலை பார்த்தவரும் அல்ல. மூன்றாவது, நீதிமன்றத்தில் நிரூபிக்கப்பட்ட கொலைக் குற்றம். காலத்தால் நெருங்கி வந்ததைத் தவிர இவற்றுக்குள் தொடர்பு இல்லை. இந்தச் சாபக் கதையில் வேறொரு நஷ்டம் இருக்கிறது. பிரமாதமான இசைக் கலைஞர் ஒருவர், ஒரு திகில் படத்தின் துணைத் தகவலாகச் சுருங்கிப்போகிறார்.

கொமேடா விட்டுச்சென்றது என்ன?

மற்றவர்களிடம் அதைக் கேட்கலாம். கொமேடாவிடம் வளர்ந்த டோமாஷ் ஸ்டான்கோ, 1970இல் தன் முதல் இசைத்தட்டுக்கு 'மியூசிக் ஃபார் கே' என்று பெயரிட்டார். 'கே' என்றால் கொமேடா. 1997இல் மீண்டும் 'லிடானியா' என்ற இசைத்தட்டு முழுவதையும் கொமேடாவின் மெட்டுகளுக்கே ஒதுக்கினார். ஸ்டான்கோ ஐரோப்பாவின் பெரிய ஜாஸ் கலைஞர்களில் ஒருவராகி, 2018இல் மறைந்தார். அடுத்த தலைமுறைப் பியானோ கலைஞர் லெஷெக் மோஸ்ட்ஜெர், 2011இல் 'கொமேடா' என்றே பெயரிட்டுத் தனிப் பியானோவில் அந்த மெட்டுகளை வாசித்தார். போலந்தின் ஸ்வுப்ஸ்க் நகரில் அவர் பெயரில் ஜாஸ் விழா நடக்கிறது.

புதிதாகக் கேட்க விரும்புபவர்கள் எங்கிருந்து தொடங்கலாம்? முதலில் 'ரோஸ்மேரிஸ் பேபி' தாலாட்டு. இரண்டு நிமிடம் போதும். அடுத்து 'நைஃப் இன் தி வாட்டர்' இசை; அதிலுள்ள 'பாலட் ஃபார் பெர்ன்ட்' அந்த சாக்ஸஃபோன் கலைஞரின் பெயரால் அமைந்தது. காது பழகிய பிறகு 'கட்டோர்னா'. கடைசியில், அரை மணி நேரம் யாரும் தொந்தரவு செய்யாத ஒரு இரவில் 'ஆஸ்டிக்மாடிக்'. முதல்முறை பிடிபடவில்லை என்றால் கவலை வேண்டாம், இரண்டாம் முறை பிடித்துவிடும்.

மேடை ஏறியதிலிருந்து கணக்கிட்டால், கொமேடாவுக்குக் கிடைத்தது வெறும் 12, 13 ஆண்டுகள். அதற்குள் தன் நாட்டு ஜாஸுக்கு ஒரு சொந்தக் குரலை அமைத்துக்கொடுத்துவிட்டுப் போய்விட்டார். டாக்டர் ட்ஷ்சின்ஸ்கி என்ற பெயரை இன்று போலந்திலேயே பலர் சட்டென்று அடையாளம் காண மாட்டார்கள். ஒளிந்துகொள்வதற்காக எடுத்த பெயர்தான் நிலைத்துவிட்டது, அதே எழுத்துப்பிழையோடு.